குரு அமர்தாஸ்: வாழ்வும் போதனையும் – 84 படிகளில் ஜப்ஜி ஓதச் சொன்னது அவரேதானா?

தேடல்செல்வன்:
சீக்கியர்களின் மூன்றாம் குரு அமர்தாஸைப் பற்றித் தமிழில் தேடினால் "லங்கர் என்னும் பொதுப் பந்தியை விரிவாக்கினார், உடன்கட்டை ஏறுதலை எதிர்த்தார்" என்று இரண்டு வரியோடு முடிந்துவிடுகிறது. விவரம் தெரிந்தவர்கள் மூன்று விஷயங்களை விளக்க வேண்டும். கோயிந்த்வால் படிக்கிணற்றில் 84 படிக்கு 84 முறை ஜப்ஜி (குரு நானக்கின் காலை வழிபாட்டுப் பாடல்) ஓதினால் பிறவி அறும் என்கிறார்களே, அது குருவே சொன்னதா? அவர் பாடிய ஆனந்த் சாஹிப்பை ஒரு இடத்தில் நாற்பது பாடல் என்கிறார்கள், இன்னொரு இடத்தில் ஆறு என்கிறார்கள், எது சரி? கடைசியாக, லங்கர் முறைப்படி 100 பேருக்குப் பந்தி நடத்த அளவும் ஒழுங்கும் என்ன?

ஐந்துநதி:
முதலில் வாழ்க்கை. அது தெரியாமல் அந்தப் படிக்கிணற்றைப் பேச முடியாது.

1479இல் அமிர்தசரஸ் பக்கத்தில் பாசர்கே என்ற ஊரில், பல்லா கத்ரி குலத்தில் பிறந்தவர். தகப்பனார் பெயர் தேஜ் பான். மனைவி மன்சா தேவி. மோகன், மோரி என்று இரண்டு மகன்கள். தானி, பானி என்று இரண்டு மகள்கள். வைணவ பக்தர். வருடந்தோறும் ஹரித்வாருக்குக் கங்கை நீராடப் போய்க்கொண்டிருந்தார். அப்படி ஒரு பயணத்தில் உடன் வந்த பிரம்மச்சாரி ஒருவர் "உங்கள் குரு யார்?" என்று கேட்க, இவரிடம் பதில் இல்லை. அறுபது வயதை ஒட்டிய மனிதருக்கு அந்தக் கேள்வி முள்ளாய்த் தைத்துவிட்டது என்பது சீக்கிய மரபு.

பிறகு ஒரு விடிகாலையில், தம்பி வீட்டு மருமகள் பீபி அம்ரோ பாடுவதைக் கேட்கிறார். அம்ரோ, இரண்டாம் குரு அங்கதின் மகள். அவர் பாடியது குரு நானக்கின் மாரு ராகப் பாடல்: செய்கையே தாள், மனமே மைக்கூடு, நன்மை தீமை இரண்டும் அதில் எழுதப்படுகின்றன என்பது அதன் கருத்து. அம்ரோவையே அழைத்துக்கொண்டு கடூர் சென்று குரு அங்கதைச் சந்திக்கிறார். சம்பந்தி முறை, வயதிலும் இவர்தான் மூத்தவர். ஆனாலும் காலில் விழுந்து அங்கேயே தங்கிவிட்டார். அது 1540ஐ ஒட்டிய காலம்.

அதன்பின் பத்துப் பன்னிரண்டு வருடம் அவர் செய்த வேலை தண்ணீர் சுமப்பது. பொழுது விடியுமுன் குரு நீராடுவதற்குப் பியாஸ் ஆற்றிலிருந்து கடூருக்குக் குடம் சுமந்து வருவார். ஆற்றங்கரைக்கும் கடூருக்கும் சுமார் எட்டுக் கிலோமீட்டர். ஆற்றுக்குப் போகும்போது குருவுக்கு முதுகு காட்டாமல் பின்னோக்கி நடந்தார் என்பதெல்லாம் பிற்காலத்தில் சேர்ந்த அலங்காரம். அது இல்லாமலே அந்தத் தொண்டு பெரிதுதான்.

ஒரு மழை இரவில் நெசவாளி வீட்டு முளையில் கால் தடுக்கி விழுகிறார், குடம் மட்டும் கவிழவில்லை. சத்தம் கேட்ட நெசவாளியின் மனைவி "இந்த நேரத்தில் வேறு யார், போக்கிடம் இல்லாத அமரு கிழவனாகத்தான் இருக்கும்" என்கிறாள். சேதி குருவின் காதுக்குப் போகிறது. போக்கிடம் இல்லாதவர்க்கு இவரே போக்கிடம், தாங்குவார் இல்லாதவர்க்கு இவரே தாங்கல் என்று குரு அங்கத் அறிவித்தார் என்பது மரபு. 1552இல் குரு பீடம் அவருக்கு வந்தது. அப்போது வயது 73.

நெசவுநூல்:
அந்த முளையைப் பற்றி ஒரு விளக்கம். பல மொழிபெயர்ப்புகளில் "கம்பத்தில் மோதினார்" என்று வருகிறது. அது குழித்தறி. நெசவாளி தரையில் தோண்டிய குழிக்குள் காலை விட்டு உட்கார்ந்து மிதியை மிதிப்பார். பாவு நூலை விறைப்பாக இழுத்துக் கட்டுவதற்குத் தறிக்கு எதிரே தரையில் முளை அடித்திருக்கும். கணுக்கால் உயரம்தான், இருட்டில் கண்ணுக்கே தெரியாது. பஞ்சாபியில் அந்தத் தறிக்குழிக்குக் கட்டி என்று பெயர். கடூரில் அந்த இடத்தில் இன்றும் குருத்வாரா இருக்கிறது. முளை கரீர் மரத்தால் ஆனது, பிற்பாடு அது துளிர்த்தது என்பது அங்குள்ள நம்பிக்கை.

யாத்திரைமுத்து:
படிக்கிணறு பற்றி. கோயிந்த்வால் இன்று தரன் தாரன் மாவட்டத்தில், பியாஸ் கரையில் உள்ளது. டெல்லி–லாகூர் பெருவழி ஆற்றைக் கடக்கும் துறையாக இருந்த இடம். கோயிந்தா என்ற வணிகர் அங்கே ஊர் அமைக்க விரும்பிக் குருவின் உதவியை நாட, குரு அங்கத் அந்தப் பொறுப்பை அமர்தாஸிடம் கொடுத்தார். குருவான பிறகு அங்கே அவர் வெட்டுவித்ததுதான் 84 படி இறங்கும் பாவ்லி. தோண்டும்போது பாறை குறுக்கிட்டது, மாணக் சந்த் என்ற தொண்டர் அதை உடைக்க, பீறிட்ட தண்ணீர் அவரையே மூழ்கடித்தது, பிழைத்து எழுந்தார் என்று வரலாற்று மரபு சொல்கிறது.

வழிபாட்டு முறை இது. கீழே இறங்கி நீராடி, நீரை ஒட்டிய படியிலிருந்து தொடங்க வேண்டும். ஒரு படியில் உட்கார்ந்து முழு ஜப்ஜி. முடிந்ததும் மறுபடி இறங்கி ஒரு முழுக்கு. பிறகு அடுத்த படி. ஜப்ஜி என்பது மூலமந்திரம், முகப்புச் சலோகம், 38 பௌடி (பாடல்), இறுதிச் சலோகம். நிதானமாக ஓத இருபது நிமிடம் வேண்டும். 84 முறைக்கு 28 மணி நேரம், முழுக்கும் ஏறி இறங்குவதும் தனி. இந்தக் கணக்கைப் போடாமல் காலையில் வந்து மாலை பேருந்துக்கு டிக்கெட் எடுத்திருப்பவர்கள்தான் பாதியில் ஓட்டமாக ஓதி எழுத்தை விழுங்குகிறார்கள். முழுதாகச் செய்ய நினைப்பவர்கள் இரண்டு மூன்று நாள் தங்கும்படி வரவேண்டும். மாற்றுத் துணி நாலைந்து வேண்டும், குளிர்காலம் தவிர்ப்பது நல்லது.

84 லட்சம் யோனி (பிறவி வகை) என்ற கணக்குக்குத்தான் 84 படி. நம்பிக்கை நாலு நூற்றாண்டாகத் தொடர்கிறது. அதை லேசாகத் தள்ளிவிடக் கூடாது.

ஏடும்எழுத்தும்:
முத்து ஐயா, நம்பிக்கையை மதிக்கிறேன். ஆனால் செல்வன் கேட்டது குரு சொன்னாரா என்று. சீக்கியர்களின் புனித நூலான குரு கிரந்த் சாஹிப்பில் அவருடைய வாணி (பாடல்கள்) முழுக்கத் தேடினாலும் அப்படி ஒரு வாக்கு கிடையாது. எதிர்ப்பக்கம்தான் இருக்கிறது. வடஹன்ஸ் ராகத்தில், 558ஆம் பக்கத்தில் அவரே சொல்கிறார்: மனம் அழுக்கானால் எல்லாமே அழுக்கு, உடம்பைக் கழுவுவதால் மனம் சுத்தமாகாது. ஆனந்த் சாஹிப்பின் 18ஆவது பாடலில் சடங்குகளால் சகஜநிலை பிறக்காது, மனதைச் சபத்தில் (குருவின் சொல்லில்) இருத்திக் கழுவுங்கள் என்கிறார். கங்கைக்கு வருடந்தோறும் போய்வந்த மனிதர் சொன்னது இது. அந்த எடையோடு படிக்க வேண்டும்.

பிறகு ஏன் கிணறு வெட்டினார்? ஆறு பக்கத்திலேயே ஓடுகிறதே? என் வாசிப்பில் அது தண்ணீர் பற்றிய போதனை. எந்தச் சாதிக்கு எந்தக் கிணறு என்று பிரித்து வைத்திருந்த காலத்தில், எல்லாரும் ஒரே படியில் இறங்கி ஒரே நீரை மொண்டார்கள். பைரவ் ராகத்தில் அவர் பாடியதும் அதுதான்: சாதிச் செருக்கு வேண்டாம், உலகம் முழுக்க ஒரே மண், குயவன்தான் அதைப் பல பாண்டங்களாக வனைகிறான்.

யாத்திரைமுத்து:
அந்த வரிகள் எனக்கும் தெரியும் ஐயா. படியில் உட்கார்ந்து ஓதுபவன் உடம்பை மட்டும் கழுவுவதில்லை. ஒவ்வொரு முழுக்குக்கும் முன்னால் முழு ஜப்ஜி இருக்கிறது. சபத்தில் மனதை இருத்துவது என்று நீங்கள் காட்டியதைத்தானே அந்த மனிதன் 28 மணி நேரம் செய்கிறான்? ஓதாமல் வெறுமே முழுகிவிட்டுப் போனால் உங்கள் கண்டனம் பொருந்தும்.

ஏடும்எழுத்தும்:
ஒப்புக்கொள்கிறேன். ஓதுவதில் எனக்கு மாறுபாடு இல்லை. எண்ணிக்கை முடிந்தால் வீடுபேறு உறுதி என்ற ஒப்பந்தத்தில்தான் மாறுபாடு.

பண்ணிசை:
ஆனந்த் சாஹிப் கேள்விக்கு வருகிறேன். இரண்டு கணக்கும் சரிதான். குரு கிரந்த் சாஹிப்பில் 917 முதல் 922ஆம் பக்கம் வரை, ராம்கலி ராகத்தில் உள்ளது. 40 பௌடி. முழுதும் ஓத இருபது இருபத்தைந்து நிமிடம் ஆகும். சங்கத் (கூட்டு வழிபாடு) முடியும்போதும் மாலை வழிபாடான ரெஹ்ராஸின் முடிவிலும் முதல் ஐந்தையும் நாற்பதாவதையும் மட்டும் பாடுவார்கள். மூன்று நான்கு நிமிடத்தில் முடியும். அந்த ஆறுதான் சிலர் சொல்லும் ஆறு. பெயர் சூட்டல், திருமணம், மரணம் எதுவானாலும் நிகழ்ச்சியின் நிறைவில் இந்த ஆறு உண்டு. துக்க வீட்டிலும் "ஆனந்தம் பிறந்தது தாயே, சத்குருவை அடைந்தேன்" என்றுதான் தொடங்கும். இந்த ஒழுங்கு என்னை எப்போதும் அசைத்துவிடும்.

பௌடி என்றால் ஏணிப்படி. அதனால் இது நாற்பது படி. ஆறோடு நிறுத்திக்கொள்பவர்கள் நடுவிலுள்ள செல்வத்தை இழக்கிறார்கள். 14இல் பக்தர்களின் பாதை வாளைவிடக் கூர்மை, மயிரைவிட மெல்லியது என்கிறார். 19இல் உள்ளே அழுக்கும் வெளியே தூய்மையுமாக இருப்பவர்கள், 20இல் உள்ளும் புறமும் தூய்மையானவர்கள். 32இல் நாக்கை அழைத்துப் பேசுகிறார், 33இலும் 35இலும் உடம்பை, 36இல் கண்களை, 37இல் காதுகளை. உறுப்பு உறுப்பாகக் கூப்பிட்டு, நீ எதற்காக இந்த உடம்பில் பொருத்தப்பட்டாய் என்று நினைவூட்டுகிறார்.

தமிழ் எழுத்தில் பார்த்து ஓதுபவர்கள் செய்யும் பிழைகள் இரண்டு. குர்முகியில் சொல்லின் கடைசியில் வரும் குறில் உகரமும் குறில் இகரமும் பெரும்பாலும் இலக்கண அடையாளங்கள். உச்சரிக்க வேண்டியவை அல்ல. 'நாமு' என்று எழுதியிருக்கும், 'நாம்' என்று வாசிக்க வேண்டும். தமிழில் ஒலிபெயர்த்தவர் அந்த உகரத்தையும் எழுதிவிட்டால், வாசிப்பவர் வரிக்கு நாலு இடத்தில் தாளம் தவறுவார். இரண்டாவது, பகரம். குருவின் வாக்கும் பாணி, தண்ணீரும் பாணி. பஞ்சாபியில் முதலாவது அதிரும் பகரம், இரண்டாவது வல்லின பகரம். தமிழில் இரண்டும் ஒரே எழுத்து. வாக்குக்கு 'வாணி' என்று எழுதிவிட்டால் குழப்பம் தீரும். நானும் அப்படித்தான் எழுதுகிறேன். (பன்னிரண்டு வருடம் பாணி சுமந்தவரிடமிருந்து வாணி பிறந்தது என்று நினைத்துப் பார்க்கத் தமிழில்தான் வசதி.)

பெரியஅடுப்பு:
பந்திக்கு நான். 'பங்கத்' என்ற சொல்லும் நம் 'பந்தி'யும் ஒரே வேர், வடமொழி பங்க்தி, அதாவது வரிசை. முதலில் பங்கத், பிறகு சங்கத் என்பது குரு அமர்தாஸின் விதி. தம்மைப் பார்க்க வருபவர் யாராக இருந்தாலும் முதலில் வரிசையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும்.

100 பேருக்கு: முழுக் கருப்பு உளுந்து 4 கிலோ, கடலைப் பருப்பு 2 கிலோ. உளுந்தை முந்தின இரவே ஊறப்போடுங்கள். தண்ணீர் 30 லிட்டர் வரை பிடிக்கும். திறந்த அண்டாவில் மூன்று நாலு மணி நேரம் வேக வேண்டும். போர் தண்ணீர் உப்பாக இருந்தால் உளுந்து வேகவே வேகாது. நல்ல தண்ணீர் பாருங்கள். தக்காளியைப் பருப்பு மசிந்த பிறகே சேர்க்க வேண்டும், முன்னால் போட்டால் தோல் விறைத்துக்கொள்ளும். கடைசி ஒரு மணி நேரம் கரண்டியை விடக் கூடாது, உளுந்து அடிப்பிடிக்கும். பிடித்துவிட்டால் சுரண்டாமல் மேலாக வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள். சுரண்டினால் மொத்த அண்டாவும் கருகல் வாடை.

உப்பு அளந்து போடவேண்டும், 300 கிராம். ஏனென்றால் அர்தாஸ் (நிறைவு வேண்டுதல்) முடியும் முன் ருசி பார்ப்பதில்லை என்பது வழக்கம். நம் சமையல்காரர்கள் உள்ளங்கையில் ஊற்றி நக்கிப் பார்த்துப் பழகியவர்கள், அங்கேதான் தடுமாறுவார்கள்.

கோதுமை மாவு 10 கிலோ, தண்ணீர் 6 லிட்டர் சுமாராக. 40 கிராம் உருண்டைக்கு 400 ரொட்டி வரும், ஆளுக்கு நாலு. சுட்டதும் துணியில் சுற்றிக் கூடையில் அடுக்குங்கள். வெறும் தட்டில் அடுக்கினால் மேலே காய்ந்து அடியில் நீர்த்துப் போகும்.

கடா பிரசாதம்: மாவு, நெய், சர்க்கரை மூன்றும் ஒரே எடை. தண்ணீர் மாவைப்போல் மூன்று பங்கு. 100 பேருக்கு ஒரு கிலோ மாவு தாராளம். சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துத் தனியாகக் கொதிக்க விடுங்கள். இரும்புக் கடாயில் நெய்யை உருக்கி, கொஞ்சம் கரகரப்பான மாவைச் செம்பழுப்பாகும் வரை வறுக்க வேண்டும். அவசரப்பட்டு வெளுப்பாக நிறுத்தினால் பச்சை வாடை அடிக்கும், கையில் ஒட்டும். சர்க்கரைத் தண்ணீர் கொதிக்கக் கொதிக்க விழ வேண்டும், ஆறியிருந்தால் கட்டி தட்டும். ஊற்றும்போது சீறித் தெறிக்கும், நீளக் கரண்டி வைத்துக்கொள்ளுங்கள். ஓரத்தில் நெய் பிரிந்து வந்தால் பதம்.

பரிமாறும் ஒழுங்கு: செருப்பைக் கழற்றி, தலையை மூடி, கைகழுவி, நீளப் பாயில் வரிசையாகத் தரையில். முதலில் தட்டு, பிறகு பருப்பு, பிறகு ரொட்டி. ரொட்டிக்குப் பர்ஷாதா என்று பெயர். இரண்டு கையையும் ஏந்தி வாங்க வேண்டும். வாங்கியதை மிச்சம் வைக்கக் கூடாது. முதியோருக்கு முட்டி வலி என்றால் நாற்காலி போடலாம். பெரிய மனிதருக்கு என்று போட்டால் அந்த நிமிடமே அது லங்கர் இல்லை. "உபயம் இன்னார்" என்று பேனர் கட்டாதீர்கள், தயவுசெய்து.

தேடல்செல்வன்:
ஐயா, மிக்க நன்றி. அக்பரே இந்தப் பந்தியில் உட்கார்ந்தார் என்கிறார்களே, உண்மையா? 22 மஞ்சி (போதிக்கும் பொறுப்புகள்) என்பது முகலாயரின் 22 மாகாணங்களைப் பார்த்து அமைத்தது என்றும் படித்தேன்.

ஏடும்எழுத்தும்:
இரண்டாவது நிச்சயமாகத் தவறு. அக்பர் சுபாக்களை (மாகாணங்களை) வகுத்தது 1580இல், அப்போது 12தான். குரு 1574இலேயே மறைந்துவிட்டார். மஞ்சி என்றால் கயிற்றுக் கட்டில். சங்கத் தரையில் உட்கார, போதிப்பவர் கட்டிலில் உட்காருவார். அந்த இருக்கையே பொறுப்பின் பெயராகிவிட்டது. 22 பேரில் குதிரை வணிகரான அல்லாயார் என்ற முஸ்லிமும் ஒருவர்.

அக்பர் வருகை சீக்கிய மரபில் உறுதியாக இருக்கிறது. பந்தியில் உண்டார், நிலம் கொடுக்க முன்வந்தார், குரு மறுத்தார், அதனால் மகள் பானியின் பெயருக்குக் கொடுத்தார் என்பார்கள். அரசவைக் குறிப்பில் பதிவானது 1598இல் அக்பர் கோயிந்த்வாலில் ஐந்தாம் குரு அர்ஜனைச் சந்தித்தது. அதனால் முதலாவதை எழுதும்போது "மரபு" என்ற சொல்லைச் சேர்த்து எழுதுங்கள். ஆனால் குருவின் குருக்ஷேத்திர, ஹரித்வார் பயணத்துக்கு அவர் மருமகனும் நான்காம் குருவுமான ராம்தாஸின் பாடலே சாட்சி. துகாரி ராகத்தில், 1116ஆம் பக்கத்தில் இருக்கிறது. குருவோடு போனவர்களிடம் சுங்கக்காரர்கள் யாத்திரை வரி வாங்காமல் விட்டார்கள் என்று அதில் வருகிறது.

மலர்விழி:
உடன்கட்டை பற்றி யாரும் விரிவாகத் தொடவில்லையே. சூஹி ராகத்தின் 'வார்' என்னும் நெடும்பாடலில், 787ஆம் பக்கம்: பிணத்தோடு எரிபவர்களைச் சதி என்று சொல்லாதீர்கள், பிரிவின் அடியிலேயே உயிர் விடுபவர்களே சதி என்கிறார். அடுத்த சலோகத்தில் ஒருபடி மேலே போய், நல்லொழுக்கத்தோடும் நிறைவோடும் வாழ்ந்து, நாள்தோறும் எழுந்து இறைவனை நினைப்பவர்களும் சதிதான் என்கிறார். சாவின் பெயராக இருந்த சொல்லை வாழ்கிறவளுக்குக் கொடுத்துவிட்டார். வெறும் "எதிர்த்தார்" என்று எழுதினால் இது தெரியாமல் போகிறது. சங்கத்தில் முக்காடு போட்டு முகம் மறைத்து உட்காரக் கூடாது என்பதும் அவர் விதி. ஹரிபூர் அரசியிடமே அதைச் சொன்னதாக மரபு.

ஐந்துநதி:
அக்கா சொன்னதோடு அவர் மறைவையும் சேர்க்க வேண்டும். 923ஆம் பக்கத்தில் 'சத்' என்ற ஆறு பாடல்கள். எழுதியவர் அவருடைய கொள்ளுப்பேரன் சுந்தர். எனக்குப் பின்னால் யாராவது அழுதால் எனக்குப் பிடிக்காது, கீர்த்தனம் பாடுங்கள் என்று குடும்பத்தைக் கூட்டிச் சொல்கிறார். ஐந்தாவது பாடலில் "கேசோ கோபால் பண்டிதரை அழையுங்கள்" என்று ஒரு வரி வருவதை வைத்துச் சிலர் புராணச் சடங்கு செய்யச் சொன்னார் என்பார்கள். முந்தின அடியையும் சேர்த்துப் படித்தால் அது ஹரியின் கதையைப் பாட வல்லவர்களை அழைக்கச் சொல்வது என்று புரியும். சீக்கிய உரைகாரர்கள் அப்படித்தான் கொள்கிறார்கள்.

குரு நானக்கின் பாடல்களையும் இவருடைய பாடல்களையும் சேர்த்து வைத்த ஏடும் இவர் காலத்துடையதே. பேரன் சஹன்சர் ராம் எழுதிய கோயிந்த்வால் போத்திகள். 1604இல் ஆதி கிரந்தத்தை (குரு கிரந்த் சாஹிப்பின் முதல் வடிவை) தொகுத்த குரு அர்ஜன் அவற்றைப் பெற்றுப் பயன்படுத்தினார். கபீர், நாம்தேவ் போன்ற பக்தர்களின் பாடல்களும் அவற்றில் உண்டு.

தேடல்செல்வன்:
கடைசியாக ஒன்று. அறுபது தாண்டி ஒருவர் குருவைத் தேடிப் போனதைப் பற்றி அவரே எங்காவது பாடியிருக்கிறாரா?

பண்ணிசை:
தன் கதையாக எங்கும் பாடவில்லை. ஆனால் 1378ஆம் பக்கத்தைத் திறந்து பாருங்கள் செல்வன். ஷேக் பரீதின் சலோகம் ஒன்று: முடி கறுப்பாக இருந்தபோது இறைவனை நாடாதவர்களில், நரைத்த பிறகு நாடுபவர் அரிது. அதற்கு நேர் கீழே, பரீதின் பெயரையே விளித்து மூன்றாம் குருவின் பதில். கறுப்பிலும் நரையிலும் ஆண்டவன் எப்போதும் இருக்கிறான், நினைத்தால் போதும். ஆனால் எல்லாரும் ஆசைப்பட்டாலும் இந்த அன்பு தானாக ஒட்டாது. இந்தக் கிண்ணம் அவனுடையது, விரும்பியவர்க்கு அவன் கொடுக்கிறான். இரண்டு சலோகங்களையும் குரு அர்ஜன் அடுத்தடுத்தே வைத்திருக்கிறார்.